பொழுதாலைக்குச் சுருதி சேர்க்கும் சடங்கு: வரைவு படித்துக் கருத்துச் சொல்லுங்கள்

#1 கன்னல்காரன் எழுதியது:

வணக்கம் மக்களே. தொடர்கதையோட ஆறாவது அத்தியாயத்துல நிக்கிறேன். கதை தெரியாதவங்களுக்குச் சுருக்கம்: ஏழாற்று நாட்டுல மலைக்கு அடியில ஒரு வெண்கல ஆலை இருக்கு. மத்த ஆலை கரும்பைப் பிழியும், இது பொழுதைப் பிழியும். ஆலைச் சக்கரத்துல இருந்து மண்டபத்து உத்தரத்துக்கு 14 நரம்பு இழுத்துக் கட்டியிருக்கு. (சகோடயாழுக்கு 14 நரம்புன்னு படிச்சதுல வந்த எண்ணிக்கை.) நரம்பெல்லாம் இணங்கினா சக்கரம் சுத்தும். சுத்துற நேரத்துல சுத்துவட்டார வயல்ல மூணு மாசப் பயிர் ஒரே ராத்திரியில விளையும். வருஷம் ஒரு தடவை நரம்பு தளரும், அப்போ இந்தச் சடங்கு. வரைவு இது:

"முதுநரம்பி மூன்று நாள் பேசா நோன்பிருந்து, நான்காம் நாள் மண்டபம் புகுந்தாள். பதினான்கு பிரடைகளுக்கும் மஞ்சள் பூசினாள். முதல் நரம்பை மீட்டினாள், மலை கேட்டது. ஒவ்வொரு நரம்பாகத் தொட, ஒவ்வொன்றும் தன் சுரத்தைச் சொன்னது. பதினான்காம் நரம்பு இணங்கியதும் சக்கரம் பொன்னாய் ஒளிர்ந்தது. காலம் வளைந்தது."

எனக்கே இது ஒட்டலை. அழகா இருக்கு, ஆனா வெறும் தோரணமாத் தெரியுது. எங்கே இடிக்குதுன்னு சொல்லுங்க.

#2 தொப்பித்தட்டு எழுதியது:

இதுல தோற்க வழியே இல்லையே, அதான் இடிக்குது. பாட்டி வந்தா, தொட்டா, நரம்பு சுரம் சொல்லிடுச்சு. பிரடையை, அதான் நரம்பை முறுக்கற முளையை, ஒரு சுத்துகூடத் திருப்பலை. கச்சேரிக்கு முன்னாடி மிருதங்கக்காரர் கல்லை வெச்சு வார்ல தட்டித் தட்டி எத்தனை தடவை காதைச் சாய்ச்சுக் கேப்பாருன்னு பார்த்திருக்கீங்களா? தொப்பிப் பக்கம் ரவை பூசி, அப்பி, கொஞ்சம் எடுத்து, மறுபடி அப்பி... அந்த அவஸ்தை உங்க மண்டபத்துல துளிகூட இல்லை. ஒளிருது, வளையுது, சரி. கை வலிக்கலையே.

#3 பிரடை எழுதியது:

தொப்பித்தட்டு சொன்னதை ஒட்டி. எங்க வீட்டுல வீணை ரிப்பேர் வேலை உண்டு. சின்ன வயசுல இருந்து பார்த்ததை வெச்சுச் சொல்றேன், வேணுங்கறதை எடுத்துக்குங்க.

புதுத் தந்தி போட்டா அது அன்னிக்கு நிக்காது. இழுத்து விடணும், இறங்கும், மறுபடி ஏத்தணும், மறுபடி இறங்கும். பழகுற வரைக்கும் இப்படித்தான். அதனால கச்சேரி அன்னிக்குப் புதுத் தந்தி போட மாட்டாங்க. உங்க சடங்கு ஒரே நாள்ல முடியறதே எனக்கு நம்பற மாதிரி இல்லை.

அடுத்து, பிரடை வழுக்கும். மர முளை, மரத் துளை, ரெண்டும் காத்துல இருக்கற ஈரத்தைக் குடிக்கும். மழைக்காலத்துல ஊதி இறுகிப் பிடிச்சுக்கும், கோடையில சுருங்கி நழுவும். நழுவினா சாக்பீஸ் தூள் போடுவோம். உங்க ஊர்ல சாக்பீஸ் இருக்காது, சுண்ணாம்புத் தூள்னு வெச்சுக்குங்க. மஞ்சள் பூசறதை விட சுண்ணாம்பு பூசறதுக்கு அர்த்தம் இருக்கு. பின்னாடி வர்ற தலைமுறை காரணத்தை மறந்துட்டு அதையே சடங்காச் செய்யட்டும்.

மெட்டு (சுரத்துக்காகத் தந்தியை விரலால அழுத்தற கட்டை) விஷயமும் சொல்லிடறேன். தஞ்சாவூர் வீணையில 24 மெட்டும் மெழுகு மேலதான் உக்காந்திருக்கு. வெயில் காலத்துல மெழுகு இளகி மெட்டு ஒரு மயிரிழை நகர்ந்தாலும் சுரம் போச்சு. திரும்ப மெழுகைக் காய்ச்சி, மெட்டு ஒவ்வொண்ணா வெச்சு, மீட்டிப் பார்த்து, சூடான கம்பியால மெழுகைத் தொட்டு இளக்கி நகர்த்தணும். அந்த வேலை நடக்கற அறையில யாரும் பேசக் கூடாது. உங்க பேசா நோன்புக்கு இதை விட நல்ல காரணம் கிடைக்காது.

கடைசியா ஒண்ணு, இதுதான் உங்க கதைக்கு ரொம்ப உதவும்னு நினைக்கறேன். 14 நரம்பும் ஒரே உத்தரத்துல தொங்குது இல்லையா? பதினாலாவதை இறுக்கினா உத்தரம் ஒரு நூல் வளையும். வளைஞ்சா முதல் நரம்பு இறங்கும். அதைச் சரி பண்ணினா அஞ்சாவது இறங்கும். ஒரு சுத்துல இது முடியவே முடியாது. எத்தனை சுத்து வர்றதுன்னு தெரிஞ்சவதான் முதுநரம்பி.

#4 கன்னல்காரன் எழுதியது:

பிரடை, அந்த உத்தரம் வளையறதை அப்படியே எடுத்துக்கறேன். சுண்ணாம்பும் எடுத்தாச்சு.

இப்போ அடுத்த கேள்வி. அவ "இணங்கிடுச்சு"ன்னு எப்படித் தெரிஞ்சுக்கறா? காதுல கேட்டுன்னு சொல்லலாம். ஆனா எதைக் கேட்டு? படிக்கிறவனும் கூடச் சேர்ந்து கேக்கற மாதிரி ஒண்ணு வேணும்.

#5 அரைநாழிகை எழுதியது:

விம்மல். பதினொன்றாம் வகுப்பு இயற்பியல் படித்தவர்கள் எல்லோருக்கும் நினைவிருக்கும், ஆனால் பலர் அதைக் கணக்காகப் போட்டார்களே தவிர காதால் கேட்டதில்லை.

இரண்டு நரம்புகள் ஏறத்தாழ ஒரே சுரத்தில் இருந்தால், ஒலி நிலையாக நிற்காது. பெருகும், குறையும், மறுபடி பெருகும். ஒன்று 240 ஹெர்ட்ஸ், மற்றது 243 என்றால் நொடிக்கு மூன்று விம்மல். 241 ஆக்கினால் நொடிக்கு ஒன்று. இன்னும் நெருக்கினால் இரண்டு நொடிக்கு ஒன்று, ஐந்து நொடிக்கு ஒன்று, பிறகு இல்லவே இல்லை. சுருதி சேர்ப்பவர் உண்மையில் செய்வது இதுதான்: விம்மலைத் தேடிப் பிடித்து, அதை மெதுவாக்கி, அடக்குவது. ஒரே சுரமாக இருக்க வேண்டியதில்லை, ஸ–ப இணையிலும் மேற்சுரங்கள் மோதி விம்மும்.

இதை உங்கள் கதைக்குப் பொருத்திப் பாருங்கள். விம்மல் என்பது காதுக்குக் கேட்கும் கடிகாரத் துடிப்பு. சுருதி நெருங்க நெருங்கத் துடிப்பு மெதுவாகிறது. முழுதாக இணங்கிய கணத்தில் துடிப்பு நின்றுவிடுகிறது. காலத்தை வளைக்கும் இயந்திரத்துக்கு இதை விட நேரான விதி ஏது?

கற்பனை என்று யாரும் ஒதுக்கிவிட வேண்டாம், நாம் கட்டியிருக்கும் கடிகாரமே சுருதி சேர்த்த கருவிதான். 1960-இல் புலோவா நிறுவனம் விற்ற அக்யூட்ரான் கைக்கடிகாரத்துக்குள் நொடிக்கு 360 முறை அதிரும் சிறிய இசைக்கவை இருந்தது. காதில் வைத்தால் டிக் டிக் கேட்காது, மெல்லிய ரீங்காரம் கேட்கும். இன்றைய குவார்ட்ஸ் கடிகாரத்தில் உள்ள படிகமும் கவை வடிவம்தான். அதன் அதிர்வு 32,768. அதைப் பதினைந்து முறை பாதியாக்கினால் ஒன்று வரும். அதாவது பதினைந்து ஸ்தாயி கீழே இறக்கினால் நொடி.

#6 கன்னல்காரன் எழுதியது:

அப்போ விம்மலே காலம். விம்மல் நின்ன இடத்துல பொழுதும் நிக்கும். இதை எழுதறப்போ எனக்கு உடம்பு சிலிர்க்குது.

ஆனா ஒரு சிக்கல். எல்லா நரம்பும் முழுசா இணங்கினா மொத்த நாடே நின்னுடுமே? அப்புறம் பயிர் எங்கே விளையறது?

#7 வடலி எழுதியது:

அதுக்குத்தான் முழுக்க இணங்க விடக் கூடாது.

நான் பாலித் தீவில கொஞ்சக் காலம் இருந்தனான். அங்க கமெலான் எண்டு வெண்கல வாத்தியக் கூட்டம். வாத்தியங்களைச் சோடி சோடியா வார்ப்பினம். சோடியில ஒண்டை வேணுமெண்டே மற்றதை விடக் கொஞ்சம் உயர்த்திச் சுருதி வைப்பினம். தாழ்ந்ததுக்குப் பெங்கும்பாங், உயர்ந்ததுக்குப் பெங்கிசெப். ரெண்டையும் ஒரே நேரத்தில அடிச்சால் ஒலி நடுங்கி அலை அலையா வரும். ஓம்பாக் எண்டு சொல்லுவினம். அந்த அலை இல்லாட்டி வாத்தியத்துக்கு உயிரில்லை எண்டதுதான் அவையின்ர எண்ணம். அலை எவ்வளவு வேகமா இருக்க வேணும் எண்டதை வார்க்கிறவர் தன்ர காதால முடிவு செய்வார்.

இன்னொண்டு. ஊருக்கு ஊர் சுருதி வேற. ஒரு கூட்டத்தின்ர வாத்தியத்தை எடுத்து இன்னொரு கூட்டத்தில வைச்சு வாசிக்க ஏலாது. உங்கட ஆலையில ஒரு நரம்பு அறுந்தால் பக்கத்து நாட்டில இருந்து கடன் வாங்கிக் கட்ட முடியாது எண்டு வையுங்கோ. அது வேறொரு காலத்தின்ர நரம்பு.

வாத்தியத்தைத் தாண்டி நடக்கவும் மாட்டினம், பெரிய கொங்குக்கு, அதாவது தொங்கவிட்ட வெண்கல வட்டத்துக்கு, பூவும் ஊதுபத்தியும் வைப்பினம். உங்கட மண்டபத்தில ஆரும் சக்கரத்தைத் தாண்டக் கூடாது எண்டு ஒரு வரி போட்டால் காணும், விளக்கம் தேவையில்லை.

#8 குறுநீர் எழுதியது:

நல்ல இழை. மூன்று செய்தி சொல்ல வேண்டும், முதலிரண்டைச் சுருக்கமாக முடிக்கிறேன்.

காலம் அளப்பவரைச் சடங்கில் சேருங்கள். முல்லைப்பாட்டில் பாசறைக்குள் "பொழுதளந்து அறியும் பொய்யா மாக்கள்" வருகிறார்கள். குறுநீர்க் கன்னல், அதாவது நீர்க்கடிகாரம், எத்தனை நாழிகை காட்டுகிறது என்று அரசனுக்கு அறிவிப்பது அவர்கள் வேலை. நாழிகை 24 நிமிடம். உங்கள் மண்டபத்தில் ஒருத்தி நரம்பைத் திருப்ப, இன்னொருத்தி கன்னலைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். காலம் வளையும்போது வளைவதை அளக்க வளையாத ஒன்று வேண்டாமா?

நரம்புகளை இடமிருந்து வலம் வரிசையாகத் தொடாதீர்கள். பழைய இசை மரபில் வரிசை வேறு. சிலப்பதிகார உரை மரபில் வரும் முறை: தாரத்தில் உழை பிறக்கும், உழையில் குரல், குரலில் இளி, இளியில் துத்தம், துத்தத்தில் விளரி, விளரியில் கைக்கிளை. இன்றைய பெயரில் நி, ம, ஸ, ப, ரி, த, க. ஒவ்வொன்றும் முன்னதற்கு ஐந்தாம் நரம்பு. ஒன்றைப் பிடித்து அதன் காதில் அடுத்ததைப் பிறப்பிக்கிறார்கள். உங்கள் முதுநரம்பி மண்டபத்தில் குறுக்கும் நெடுக்குமாக நடக்க வேண்டியிருக்கும். பார்ப்பவனுக்கு அது கூத்தாகத் தெரியும். அவளுக்கு வேறு வழியில்லை என்பதுதான் உண்மை.

இனி மூன்றாவது. 14-ஐ விட்டுவிட்டு 12 நரம்பு வையுங்கள். பழந்தமிழ் இசையில் சுரங்களை வட்டமாக அடுக்கும் வட்டப்பாலையிலும் அவற்றை நிறுத்துவது பன்னிரண்டு இராசி வீடுகளில்தான். தாரத்தில் தொடங்கி, ஐந்தாம் நரம்பு ஐந்தாம் நரம்பாகக் கைக்கிளை வரை ஏழு. அதே கணக்கில் இன்னும் ஐந்து போனால் பன்னிரண்டு. அடுத்த அடி மறுபடி தாரத்திலேயே விழ வேண்டும்.

விழாது.

ஸ–ப விகிதம் 3:2. ஒன்றரையைப் பன்னிரண்டு முறை பெருக்கினால் 129.746 வருகிறது. ஏழு ஸ்தாயி என்றால் 2-ஐ ஏழு முறை பெருக்கிய 128. இரண்டும் ஒன்றாக வேண்டும், ஆகவில்லை. ஏறத்தாழ 23.5 சென்ட் மிச்சம், அதாவது அரைச்சுரத்தில் கால்பங்குக்குச் சற்றுக் குறைவு. எவ்வளவு கைதேர்ந்தவர் வந்தாலும் இந்த மிச்சம் போகாது, எண்களின் குணம் அது. பதினொரு இணைகளைத் துளி விம்மல் இல்லாமல் சேர்த்தால், பன்னிரண்டாவது இணை மொத்த மிச்சத்தையும் வாங்கிக்கொண்டு ஊளையிடும். ஐரோப்பியர் அதை ஓநாய் என்றே அழைத்தார்கள்.

நாட்காட்டிக்கும் இதே நோய் உண்டு. பன்னிரண்டு சந்திர மாதம் ஏறத்தாழ 354 நாள், சூரிய ஆண்டை விட 11 நாள் குறைவு. அந்த மிச்சத்தைச் சேர்த்து வைத்து 19 ஆண்டுக்கு ஏழு அதிக மாதம் நுழைக்கிறார்கள். அங்கேயும் பன்னிரண்டு, இங்கேயும் பன்னிரண்டு, இரண்டு வட்டமும் மூடுவதில்லை.

உங்கள் கதையின் கேள்வி இதுதான் என்று எனக்குப் படுகிறது: அந்த மிச்சத்தை யார் தலையில் போடுவீர்கள்?

#9 தொப்பித்தட்டு எழுதியது:

குறுநீர் ஐயா, கும்பிடறேன். ஆனா 129.746ன்னு கதையில வந்தா வாசகர் அப்படியே மூடிட்டுப் போயிடுவார். எனக்கு இசையில ஈடுபாடு இருக்கு, எனக்கே அந்தப் பத்தியில கண் சொக்கிச்சு.

#10 குறுநீர் எழுதியது:

கதையில் எண் வரவே கூடாது, ஒப்புக்கொள்கிறேன். எழுதுபவருக்குத் தெரிந்தால் போதும். வாசகருக்குப் பதினொரு நரம்பு அமைதியாவதும் பன்னிரண்டாவது ஊளையிடுவதும் கேட்டால் போதும்.

#11 அரைநாழிகை எழுதியது:

எழுதுபவருக்காக மட்டும் ஓர் எண் தருகிறேன். அடிச்சுரம் 240 என்று வைத்தால் அந்த ஓநாய் இணை நொடிக்குப் பத்துக்குச் சற்றுக் குறைவாக விம்மும். நாக்கை உருட்டினால் வரும் நடுக்கத்துக்குப் பாதி வேகம் இருக்கலாம். காட்சியில் அந்த வேகத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

#12 கன்னல்காரன் எழுதியது:

நேத்து ராத்திரி இதையே யோசிச்சிட்டிருந்தேன். விதிகளை இப்படி மாத்தறேன்.

12 நரம்பு, 12 ஊர். ஒவ்வொரு இணையும் ஒரு ஊரோட பொழுதைப் பிடிச்சிருக்கு. இணை விம்மாம நின்னா அந்த ஊர்ல மனுஷனுக்கு வயசு ஏறாது, வயல் மட்டும் ஆலை ஓடற ராத்திரியில விளையும். பதினொரு ஊர் அப்படி. பன்னிரண்டாவது ஊருக்கு மிச்சம் மொத்தமும் போகுது. அங்கே பொழுது பிச்சுக்கிட்டு ஓடும். மத்த ஊர்ல ஒரு வருஷம் போனா அங்கே பத்து வருஷம். ஊர் பேரு ஊளைப்பாக்கம்.

முதுநரம்பி ஒவ்வொரு வருஷமும் ஊளைப்பாக்கத்து நரம்பைக் கடைசியாத் தொடறா. தொடறப்போ அழறா.

#13 ஆச்சாமரம் எழுதியது:

அழ வேண்டாம். அழுதா காது அடைக்கும், வேலை கெடும். என் பக்கத்து விஷயத்தைச் சொல்றேன்.

நாகஸ்வரக் குடும்பம் நாங்க. கோயில்ல பொழுதை ராகம்தான் சொல்லும். விடியல்ல பூபாளம், ராத்திரி பள்ளியறைக்கு நீலாம்பரி. தேவாரப் பண்ணுலயும் பகற்பண், இராப்பண்ணுன்னு பிரிச்சு வெச்சிருக்கு. கடிகாரம் பார்த்து வாசிக்கறதில்லை, வாசிப்பைக் கேட்டு ஊரு மணி தெரிஞ்சுக்கும். அந்தக் காலத்துல மானிய நிலம் கொடுத்தாங்க, இந்த வேலைக்காக. அதனால உங்க கதையில எனக்கு முதல்ல தோணற கேள்வி, முதுநரம்பிக்குக் கூலி என்ன? நெல்லா? பொழுதாவா? அவ எந்த ஊர்க்காரி? இதைச் சொல்லாம சடங்கை மட்டும் எழுதினா அது வெறும் விளக்கு அலங்காரம்.

அப்புறம், காத்துக்கருவி ஒண்ணும் இல்லாம எல்லாமே நரம்பா இருக்கு. ஒரு குழல் சேருங்க. நரசிங்கம்பேட்டையில நாகஸ்வரம் கடைய ஆச்சா மரம் வேணும், அதுவும் பழைய வீடு இடிக்கறப்போ கிடைக்கற உத்தரம்னா விசேஷம். அம்பது அறுபது வருஷம் காய்ஞ்சு இனிமே சுருங்க மாட்டேன்னு நிக்கற மரம். உங்க ஆலை மண்டபத்து உத்தரமும் குழலும் ஒரே மரத்துல இருந்து வரட்டும்.

சீவாளியை, அதாவது நாகஸ்வரத்துல வாய் வெச்சு ஊதற நாக்கைப் பத்தி ஒரு வார்த்தை. கொறுக்கைத் தட்டையில செய்யறது. வாசிக்கறவர் வாத்தியத்துல மாட்டறதுக்கு முன்னாடி வாயில வெச்சு எச்சில்ல ஊற வைப்பாரு. சின்னதா ஊதிப் பார்ப்பாரு, பீப்பின்னு வாத்து கத்தற மாதிரி இருக்கும். உதட்டுல அழுத்தி ஓரத்தைச் சரி பண்ணுவாரு. பிடிக்கலைன்னா கழட்டிட்டு, வாத்தியத்துல கட்டித் தொங்கற கொத்துல இருந்து அடுத்ததை எடுப்பாரு. கூட்டம் காத்திட்டிருக்கும், சாமி வாசல்ல நிக்கும், அவருக்கு அவசரமே கிடையாது. அந்த நிதானத்தை உங்க முதுநரம்பிக்குக் கொடுங்க. கண்ணீரை விட அது பயமா இருக்கும்.

#14 அரைநாழிகை எழுதியது:

ஆச்சாமரம் குழலைக் கொண்டுவந்ததால் ஒரு வசதி கிடைக்கிறது. வெப்பம் ஏறினால் குழலின் சுருதி ஏறும், ஒரு பாகைக்கு ஏறத்தாழ 3 சென்ட். உலோக நரம்பு அதற்கு நேர்மாறாகத் தளர்ந்து இறங்கும். குழலை வைத்து நரம்பைச் சேர்த்துக்கொண்டிருக்கும்போது வெயில் மண்டபத்துக்குள் நுழைந்தால் இரண்டும் ஒன்றையொன்று விட்டு விலகும். அதனால் சடங்கு விடியலுக்குள் முடிந்தே ஆக வேண்டும். நோன்பு, முகூர்த்தம் என்று வேறு காரணம் தேட வேண்டாம்.

#15 புதுவரவு_22 எழுதியது:

இவ்வளவும் எதுக்கு? 12 ஊருக்கும் சமமாப் பிரிச்சுட்டா ஓநாயே இருக்காதே. கீபோர்டுல அப்படித்தான இருக்கு?

#16 குறுநீர் எழுதியது:

சரியான கேள்வி, சரியான நேரத்தில். ஆமாம், அப்படித்தான். சீனாவில் சூ ட்சாய்யூ 1584 வாக்கிலேயே சமப்பிரிப்பைக் கணக்கிட்டுக் காட்டிவிட்டார். நம் பக்கத்தில் தஞ்சாவூர் ஆபிரகாம் பண்டிதர் 1917-இல் வெளியிட்ட கருணாமிர்த சாகரத்தில், சுருதி 22 என்பதை மறுத்து, ஸ்தாயியைச் சமமான 24 ஆகப் பிரிக்க வேண்டும் என்று வாதாடினார். அந்த வாதம் இன்னும் ஓயவில்லை, இந்த இழையில் அதைக் கிளற வேண்டாம்.

சமமாகப் பிரித்தால் விலை உண்டு. ஓநாய் போகும், ஆனால் தூய இணை ஒன்றுகூட மிஞ்சாது. அரைநாழிகை சொன்ன அந்தப் பத்து விம்மல் பன்னிரண்டாகப் பங்கிடப்பட்டு, ஒவ்வொரு இணையிலும் ஐந்து நொடிக்கு நாலு என்ற வேகத்தில் விம்மிக்கொண்டே இருக்கும். கதை விதிப்படி எல்லா ஊரிலும் எல்லோருக்கும் வயசு ஏறத் தொடங்கும். மெதுவாக, சமமாக.

#17 தொப்பித்தட்டு எழுதியது:

இப்போதான்யா கதை வந்துச்சு. சாகாத பதினொரு ஊர்க்காரன் கிட்டப் போய், "ஊளைப்பாக்கத்துக்காக நீங்களும் கொஞ்சம் கொஞ்சமாச் சாகுங்க"ன்னு எவன் சொல்லுவான்? சொன்னா யாரு கேப்பா?

#18 கன்னல்காரன் எழுதியது:

சமப்பிரிப்பு கேக்கற ஒரு கூட்டத்தைக் கொண்டு வர்றேன். ஊளைப்பாக்கத்துப் பசங்கதான். ஊரு முழுக்கப் பாவப்பட்ட ஜனம், பதினொரு ஊருக்காக வெந்து சாகறவங்க...

#19 பிரடை எழுதியது:

நிறுத்துங்க. அங்கதான் எனக்கு ஒப்பலை. பாவப்பட்ட ஜனம்னு எழுதினா கதை அங்கேயே படுத்துடும்.

யோசிச்சுப் பாருங்க. பதினொரு ஊர்ல விம்மலே கிடையாது. பிறந்ததுல இருந்து அவங்க காதுல விம்மல் விழுந்ததே இல்லை. கேட்டுப் பழகாத காதுக்குச் சுருதி சேர்க்கத் தெரியாது. எங்க வீட்டுல வேலை கத்துக்க வர்ற பசங்களுக்கு முதல் பாடமே சேராத தந்தியைக் கேக்கறதுதான், சேர்ந்ததைக் கேக்கறது இல்லை. அப்போ அந்த நாட்டுல சுருதி சேர்க்கத் தெரிஞ்ச ஒரே ஊரு எது? ஊளைப்பாக்கம். அதுவும் மத்தவனுக்கு ஒரு வருஷம்னா அவங்களுக்குப் பத்து வருஷப் பழக்கம். முதுநரம்பி அந்த ஊர்க்காரியாத்தான் இருக்க முடியும். ஒரு சடங்குக்கும் அடுத்த சடங்குக்கும் நடுவுல அங்கே பத்து வருஷம் ஓடிடும். அதனால மூணு நாலு சடங்குக்கு ஒரு தரம் முதுநரம்பி மாறுவா. பதினொரு ஊர்க்காரங்களுக்கு அது கண்ணுல படாது. அவங்களுக்கு எல்லாக் கிழவியும் ஒரே கிழவிதான்.

#20 ஆச்சாமரம் எழுதியது:

பிரடைக்கு ஒரு மாலை. கூலிக் கேள்விக்கும் இதுல பதில் வந்துடுச்சு. அவ கையில பன்னிரண்டு பிரடையும் இருக்கு. ஓநாயை எந்த நரம்புல வேணா விடலாம், அது தாரத்துல ஆரம்பிச்சா இங்கே வரும், வேற இடத்துல ஆரம்பிச்சா வேற ஊருக்குப் போகும். சரிதானே குறுநீர் ஐயா?

#21 குறுநீர் எழுதியது:

மிகச் சரி. மிச்சத்தை ஒழிக்க முடியாது, இடம் மாற்றலாம். எந்த நரம்பில் தொடங்குகிறாள் என்பதே தீர்ப்பு. "தாரத்தில் தொடங்கு" என்பதைப் பதினொரு ஊரும் சேர்ந்து சாத்திரமாக்கி வைத்திருக்க வேண்டும். கேட்டால், முன்னோர் வழக்கம்.

#22 வடலி எழுதியது:

சோதனை எப்பிடி? அவள் வேற நரம்பில துவங்கினதை மற்றவைக்குக் கேட்டு அறியத் தெரியாதே. காவலுக்கு என்னத்தை வைச்சிருக்கினம்?

பழைய சீனத்தில ஒரு முறை இருந்ததெண்டு படிச்சனான். பன்ரண்டு மாசத்துக்குப் பன்ரண்டு சுருதிக் குழல். மூண்டு அடுக்குச் சுவர் கட்டின அறைக்குள்ள புதைச்சு, வாயில நாணல் சாம்பல் நிரப்பி வைப்பினமாம். எந்த மாசம் பிறக்குதோ அந்தக் குழலில இருந்து சாம்பல் தானாப் பறக்கும் எண்டு நம்பினவை. நடந்துதோ இல்லையோ, உங்கட கதைக்கு அச்சொட்டாப் பொருந்தும். ஊருக்கு ஒரு சாம்பல் குழல். செவிட்டு ஊர்க்காரர் கண்ணால பார்த்துச் சரி எண்டு கையெழுத்துப் போடட்டும்.

#23 தொப்பித்தட்டு எழுதியது:

சாம்பலை ஊதிவிடவும் ஒரு ஆளு இருப்பான்.

#24 புதுவரவு_22 எழுதியது:

ரெண்டாவது ஆலை ஒண்ணு இருந்தா? பக்கத்து நாட்டுல?

#25 அரைநாழிகை எழுதியது:

தனி நாட்டில் இருந்தால் பிரச்சினை இல்லை. ஒரே உத்தரத்தில் தொங்கினால் உண்டு. 1665-இல் ஹைகென்ஸ் தன் அறையில் ஒரே தாங்கியில் தொங்கிய இரண்டு ஊசல் கடிகாரங்கள், எப்படித் தொடங்கினாலும் அரை மணி நேரத்துக்குள் எதிரெதிராக ஒத்து ஆடுவதைக் கவனித்தார். மரத்தின் வழியே ஒன்றின் அசைவு மற்றதற்குப் போகிறது. ஆலை இரண்டும் ஒரே மலையில் இருந்தால் எது எதை இழுக்கும் என்பது தனிக் கதை. இந்த அத்தியாயத்தில் நுழைக்க வேண்டாம் என்பது என் கருத்து.

#26 மட்டுறுத்துநர் எழுதியது:

22 சுருதியா 24 சுருதியா என்று தனிமடலில் மூன்று பேர் சண்டை தொடங்கியிருக்கிறார்கள். அதற்குத் தனி இழை திறந்தாயிற்று. இங்கே பொழுதாலை மட்டும்.

#27 கன்னல்காரன் எழுதியது:

மாத்தி எழுதினது. முழுசா இல்லை, நடுப்பகுதி மட்டும்.

"கிழவி தாரத்தைத் தொடவில்லை. சுண்ணாம்புக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு உத்தரத்தை அண்ணாந்து பார்த்தாள். கன்னல்காரி இரண்டாம் நாழிகை என்றாள். பதினொரு ஊர்த் தலைவர்களும் சாம்பல் குழல்களுக்கு எதிரே உட்கார்ந்திருந்தார்கள். அதில் ஒருவன் கொட்டாவி விட்டான். அவன் இதே கொட்டாவியை முன்னூறு சடங்குகளில் விட்டிருக்கிறான். கிழவி விளரி நரம்பின் அடியில் போய் நின்றாள். குழலூதுகிற பெண் சீவாளியை வாயிலிருந்து எடுத்துவிட்டு அவளைப் பார்த்தாள். 'ஊது' என்றாள் கிழவி. மூன்று நாளில் அவள் பேசிய முதல் சொல். குழல் விளரி சொன்னது. நரம்பு விம்மியது, மூன்று, இரண்டு, ஒன்று. பிரடை ஒருமுறை வழுக்கியது. திருப்பினாள். நின்றது. கைக்கிளைக்கு நடந்தாள். தலைவர்களுக்கு வித்தியாசம் எதுவும் கேட்கவில்லை."

#28 தொப்பித்தட்டு எழுதியது:

கொட்டாவி பிரமாதம். "மூன்று, இரண்டு, ஒன்று" மட்டும் ராக்கெட் விடறது ஞாபகம் வருது, வேற மாதிரி எழுதுங்க.

#29 பிரடை எழுதியது:

பிரடை ஒரு தடவை வழுக்கினா போதாது, உத்தரம் வளையறதும் வரணும். ரெண்டாவது சுத்துல விளரிக்குத் திரும்பி வந்து பார்க்கறா, இறங்கியிருக்கு. அந்த இடத்துல ஒரு தலைவனுக்குச் சந்தேகம் வரலாம்.

#30 கன்னல்காரன் எழுதியது:

ரெண்டும் குறிச்சுக்கிட்டேன். சடங்கைக் கோடையில இருந்து ஐப்பசி மழைக்கு மாத்தறேன், பிரடை ஊதி இறுகட்டும், திருப்ப ரெண்டு பேர் வேணும்னு ஆகும். அந்த ரெண்டாவது ஆள் யாருன்னு இன்னும் முடிவு பண்ணலை. ஓநாய் எந்த ஊருக்குப் போகுதுன்னும் இங்கே சொல்ல மாட்டேன். அத்தியாயம் ஏத்தினதும் இணைப்பு போடறேன்.